வெளியாளுக்கு முதல் சோறு

கையைச் சோப்புப் போட்டு எவ்வளவு தேய்த்தாலும் மிளகு சீரக வாசனை போகமாட்டேன் என்கிறது. இன்று உன் முதல் திதி. சமையல் முழுக்க என் கைதான். எல்லாரும் போன பிறகு உன் மகள் வள்ளியின் மாடியறையில் உட்கார்ந்து உனக்கு இதை எழுதுகிறேன். வீடு எங்கே தெரியுமா? மிச்சிகனில். பெயரைக்கூட வாயால் சொல்லாமல் "அந்த ஊர்" என்பாயே, அதே ஊரில்தான் அவள் குழந்தை வைத்தியராக இருக்கிறாள்.

எழுபதுகளின் தொடக்கத்தில் மாண்ட்ரியலில் நம்மூர்க் குடும்பங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். நீ டவுன்டவுன் ஆஸ்பத்திரி ஒன்றில் ரத்தப் பரிசோதனை செய்துகொண்டிருந்தாய். நான் கல்லூரியில் கணக்கு வாத்தியாரம்மா. ஊருக்கு வெளியே புவாண்ட்-கிளேர் பகுதியில் உன் வீடு, கொஞ்ச தூரத்தில் என் வீடு. டெட்ராய்ட்டில் கார் கம்பெனி என்ஜினியராக இருந்த உன் தம்பி, லீவு கிடைத்தால் வண்டியை எடுத்துக்கொண்டு வந்துவிடுவான். செருப்பைக் கழற்றும்போதே, "அக்கா, தோசைக்கல்லைப் போடு" என்று ஒரு சத்தம். எனக்கும் அவன் தம்பிதான். என்னை "கணக்கு" என்றுதான் கூப்பிடுவான், கழுதை.

அந்த மாநிலத்துக் கொலைகள் நமக்கு ரேடியோச் செய்தியாக இருந்தன. அங்கே சொந்தக்காரர் இருக்கிறவர்கள் செய்தியைக் கேட்டதும் போனை எடுப்பார்கள். பேசி முடித்ததும், "நம்ம ஆளுக்கு ஒண்ணுமில்ல" என்று பெருமூச்சு விட்டுவிட்டுச் சமையலைப் பார்ப்போம். ஒரு சாயங்காலம் உன் தம்பி பெட்ரோல் போட்டுவிட்டுக் காசு கொடுக்கக் கடைக்குள் போயிருக்கிறான். உள்ளே ஒரு பையன் கல்லாவைக் காலி செய்துகொண்டிருந்தான். கதவு திறந்த சத்தத்தில் மிரண்டு சுட்டுவிட்டான். சுட்டவனுக்கு இருபது வயதுகூட ஆகவில்லை. அந்த முறை நம்ம ஆளாகப் போய்விட்டது.

அதன் பிறகு நீ உன் வீட்டையே மிச்சிகனாக்கிக்கொண்டாய். வாசல் கதவில் பூட்டுக்கு மேல் பூட்டு, அதற்கு மேல் சங்கிலி. வேலையை விட்டாய். வள்ளியைப் பள்ளிக்குக் கூட்டிப்போய், மணி அடிக்கும்வரை எதிர்ச்சாரியில் நிற்பாய். எவனாவது பாக்கெட்டில் கையை விட்டால் அடுத்த சந்துக்குள் நுழைந்துவிடுவாய். பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் விளையாடக் கூப்பிட்டால், வள்ளி ஜன்னலுக்குள்ளிருந்தே பிரெஞ்சில் வரமுடியாது என்று சொல்லிவிடுவாள். அதைப் பார்த்து ஒரு நாள் எனக்குப் பொறுக்கவில்லை.

"இது மிச்சிகன் இல்லடி, மாண்ட்ரியல்" என்றேன்.

"துப்பாக்கிகிட்ட யாரும் பாஸ்போர்ட் கேக்கறதில்ல" என்றாய்.

தம்பியைத்தான் பறிகொடுத்தோம், உன்னையும் குழந்தையையும் சேர்த்து விட்டுவிடுவோமோ என்று எனக்குப் பயமாக இருந்தது.

டெட்ராய்ட்டில் நடந்த வழக்குக்கு உன் வீட்டுக்காரரோடு போய்விட்டு வந்தாய். அவனுக்குச் சிறை என்றாய். அந்த மாநிலத்தில் தூக்கு கிடையாது என்று தெரிந்ததும் எனக்கு வந்த ஆத்திரத்தில் டம்ளரை நங்கென்று வைத்தேன். நீயோ கோர்ட்டு வராந்தாவைப் பற்றியே பேசினாய். எத்தனையோ கொலை வழக்குகள்; எல்லாருக்கும் சேர்த்து அங்கே கிடந்தது ஒரே நீள பெஞ்சுதானாம். "அந்த பெஞ்சுல யார் செத்தவனோட அம்மா, யார் கொன்னவனோட அம்மான்னு பாத்தா தெரியாதுடி" என்றாய்.

உன் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு பெண்மணி சாண்ட்விச்சில் பாதியைப் பிய்த்து நீட்டியிருக்கிறாள். உள்ளே பன்றிக்கறி. சைவ வீட்டுப் பெண்ணான நீ கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாய். அவள் முகம் செத்துப்போனதாம். தான் யாரென்று தெரிந்துதான் வாங்க மறுக்கிறாய் என்று நினைத்துவிட்டாள், பாவம். உனக்கோ அதுவரை அவள் யாரென்றே தெரியாது. பிறகு அவளே சொன்னாள்: சுட்டவனின் அம்மா. பெயர் டோரத்தி, ஓர் ஆஸ்பத்திரியில் துணி வெளுக்கும் வேலை. "கறி சாப்பிடமாட்டேன், அதனாலதான்" என்று மட்டும் சொல்லிவிட்டு எழுந்து போனாய். மறுநாள் அவள் உனக்கு வாழைப்பழம் கொண்டுவந்தாள். அதை நீ சாப்பிட்டாய்.

தம்பியின் முதல் திதி வந்தது. வீட்டார் வாயில் சோறு வைக்குமுன் வெளியாள் ஒருவர் சாப்பிட்டு எழவேண்டும் என்பது உங்கள் வீட்டு வழக்கம். மாண்ட்ரியலில் யாரைக் கூப்பிடுவது என்று நான் யோசித்துக்கொண்டிருக்க, நீ டோரத்திக்குப் போன் போட்டுக் கூப்பிட்டுவிட்டு வந்து நிற்கிறாய்!

"கொன்னவனைப் பெத்தவளுக்கா முதல் சோறு? உனக்குப் புத்தி கித்தி கெட்டுப்போச்சா?" என்று கத்தினேன்.

"அந்தக் கட்டடத்துல எனக்குப் பசிக்கும்னு நெனச்சது அவ ஒருத்திதான். நீ போய்க் கூட்டிட்டு வரியா, நானே போகட்டுமா?"

வள்ளியின் பள்ளிக்கூடத்தைத் தாண்டித் தனியாக எங்கும் போகாதவள் நீ. உன்னை எப்படி அனுப்புவேன்? பஸ் நிலையத்துக்கு நானே போனேன். வழியெல்லாம் அவளோடு ஒரு வார்த்தை பேசவில்லை. இன்றைக்கும் அதற்காக நான் வருத்தப்படவில்லை.

வாழையிலைக்கு எங்கே போவது? எவர்சில்வர் தட்டில் பரிமாறினாய். டோரத்தி ஸ்பூனைத் தொடாமல், உன் தம்பியின் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு சாப்பிட்டாள். அழுதுகொண்டேதான் சாப்பிட்டாள். பாயசம் முடிந்ததும் வாசல் கதவைப் பார்த்து, இத்தனை பூட்டு யாருக்கு என்று கேட்டாள்.

நீ தயங்கவில்லை. "உங்க பையன் மாதிரி ஆளுங்களுக்கு" என்றாய்.

டோரத்தி தலையை ஆட்டினாள். "என் வீட்டிலும் இத்தனை பூட்டு உண்டு. எங்கள் தெருவில் தினம் ஒரு வெட்டுக்குத்து. என் பையன் வெளியே போய்விடக்கூடாது என்று நான் போட்டவை" என்றாள்.

நீ எழுந்து அடுப்படிக்குள் போனாய். காப்பிக்குப் பால் இல்லை என்றாய். இருந்தது, நான் பார்த்தேன். வெளியே வந்து வள்ளியின் கையில் சில்லறையைத் திணித்து, "தெப்பனூர்ல போய்ப் பால் வாங்கிட்டு வாடி" என்றாய். தெப்பனூர் என்றால் அங்கே தெருமுனைக் கடை, அவ்வளவுதான். ஆனால் அந்த ஒரு வருஷத்தில் அவள் தனியாக அந்த வாசலைத் தாண்டியதில்லை. சங்கிலியை நீ எடுத்தபோது அது கதவில் தட்டித் தட்டிச் சத்தம் போட்டது. குழந்தை ஓடியே போய்விட்டாள்.

நீ ஜன்னலில் நின்றாய். டோரத்தி வந்து உன் பக்கத்தில் நின்றாள். "நானும் பார்த்துக்கொண்டிருக்கிறேன்" என்றாள். பால் பாட்டிலை மார்போடு அணைத்துக்கொண்டு வள்ளி திரும்பி வரும்வரை ரெண்டு பேரும் அசையவில்லை. அடுத்த மாதமே நீ வேலைக்குத் திரும்பினாய்.

டோரத்தி எத்தனையோ வருஷம் தம்பி திதிக்கு வந்தாள். அவள் இறந்துபோன செய்தியை, விடுதலையாகி வந்திருந்த அவள் மகன்தான் உனக்குப் போனில் சொன்னான். அவனை நீ நேரில் பார்க்கவே இல்லை. ஒரு நாள் பார்க்கிறேன் என்பாய், பிறகு பேச்சை மாற்றிவிடுவாய். மாண்ட்ரியலுக்கு வர அவனுக்கு எல்லையில் அனுமதியும் கிடையாது.

போன வாரம் வள்ளி, "ஆன்ட்டி, அம்மா திதிக்கு அவரைக் கூப்பிட்டிருக்கேன். நீங்கதான் பரிமாறணும்" என்றாள். அம்மாவுக்கு ஏற்ற மகள். கத்தத்தான் வாயைத் திறந்தேன். அவள் முகத்தைப் பார்த்ததும் மூடிக்கொண்டேன்.

இன்று வந்தார். எழுபதைத் தொட்ட மனிதர், தலையெல்லாம் பஞ்சு. மேல்சட்டையைக் கழற்றி எங்கே வைப்பதென்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார். உன் படத்துக்குப் பக்கத்தில் உன் தம்பி படம். ரெண்டையும் பார்த்துவிட்டு, "நான் வேண்டுமானால் போய்விடுகிறேன்" என்றார்.

"உட்காருங்க, ஆறிப்போகும்" என்றேன். என் குரல் எனக்கே கடுமையாகத்தான் கேட்டது.

அவனை மன்னித்துவிட்டாயா என்று மேலே இருந்துகொண்டு என்னைக் கேட்காதே. தெரியவில்லை. தோசைக்கல்லைப் போடச் சொன்ன குரல் பரிமாறும்போதெல்லாம் என் காதில் கேட்டது. அவர் மெதுவாகச் சாப்பிட்டார். ரசத்துக்குச் சோறு வைக்கப் போனபோது தட்டின் மேல் கையை விரித்து மறித்து, போதும் என்றார். நம்ம வீட்டில் யார் போதும் என்றாலும் செய்வதைத்தான் செய்தேன். கையை விலக்கச் சொல்லி, இன்னொரு கரண்டி வைத்தேன்.