ஜோதிமணியின் வாயசைவு

4 மார்ச் 2005, வெள்ளி. ஷார்ஜா

இன்று வீட்டில் இருந்தவர்கள்: நான், இவர், படமெடுத்த கௌஸ் முகைதீன் பாய், அவர் மனைவி சித்தி மரியம், பக்கத்து ஃபிளாட் சுசீலா, லேபர் கேம்பிலிருந்து வந்த கார்மேகம் அண்ணன். ஆறு பேர்.

கார்மேகம் அண்ணனின் மகள் ஜோதிமணியின் கல்யாண சி.டி.யைப் போட்டோம். தையில் லீவில் ஊருக்குப் போன பாய் எடுத்து வந்தது. விசா கொடுத்த முதலாளி, கஃபீல், லீவு விடாததால் அண்ணன் போகவில்லை. ஐந்து மணி நேரத்தை ஒன்றரை மணி நேரமாக வெட்டியிருந்தேன். இந்த வேலையை நானாகக் கற்றுக்கொண்டதிலிருந்து இது நாற்பத்தோராவது படம்.

தாலி ஏறியதும் ஜோதிமணி கேமராவைப் பார்த்து ஏதோ சொல்கிறாள். மேலே நான் போட்ட பாட்டு ஓடுகிறது.

"தங்கச்சி, அந்தப் பாட்டக் கொஞ்சம் நிப்பாட்டேன். புள்ள என்னமோ சொல்லுது" என்றார் அண்ணன்.

பாட்டைக் குறைத்தேன். அவள் பேச்சும் இல்லை; பாட்டுக்காக அசல் சத்தத்தை நானே எடுத்திருந்தேன்.

லீவு கிடைக்கவில்லை என்பதை மகள் நம்பவில்லையாம். அண்ணன் போன் போட்டால் எடுப்பதில்லை.

5 மார்ச்

கல்யாணத்தை எடுத்த அசல் கசெட் இல்லை. நான் 'முடிந்தது' என்று எழுதிக் கொடுத்ததும் பாய் அதன்மேல் ஒரு வளைகாப்பை எடுத்துவிட்டார். எப்போதும் அப்படித்தான். இடம் வேண்டும் என்று கம்ப்யூட்டரில் இருந்ததை நானும் அழித்திருந்தேன்.

"நீங்க எதிர்லதானே பாய் நின்னீங்க?"

"மேளச் சத்தம்மா. நான் ஃபோகஸத்தான் பாத்தேன்."

6 மார்ச்

என் குறிப்பு நோட்டு: 'கசெட் 3, 41வது நிமிடம். பெண் பேசுகிறாள். மேளம் அதிகம். பாட்டு போடவும்.'

கேட்டுத்தானே எழுதியிருக்கிறேன்? என்ன கேட்டேன்? ஒரு வார்த்தைகூட ஞாபகம் வரல. முருகா, காத எங்க வச்சிருந்தேன் நான்.

8 மார்ச்

பழைய புத்தகக் கடையில் வாங்கிய சினிமா வரலாற்றை அகராதி வைத்துக்கொண்டு படித்தேன். ஜெர்மனி அத்தியாயம். பேசும்படம் வந்த புதிதில், கண்ணால் மட்டுமே வெட்டிப் பழகியவர்கள் காதாலும் வெட்டப் பழக வேண்டியிருந்தது. எழுபத்தைந்து வருஷம் கழித்து நான் ஊமைப்படம் செய்துகொண்டிருக்கிறேன்.

9 மார்ச்

சத்தமில்லாமல் திரும்பத் திரும்பப் பார்த்தேன். 'அப்பா' மட்டும் தெரிகிறது. அதற்குப் பின் நான்கு விநாடி.

பாய் மனைவியோடு வந்தார். "மரியத்த விட்டு 'அப்பா நல்லாருங்க'ன்னு சொல்லச் சொல்லி ஒட்டிரு. கலாஸ், வேலை முடிஞ்சுது."

சித்தி மரியம் விடவில்லை. "பெத்த மனுசனுக்கு மக குரல் தெரியாதா? உங்களுக்குத்தான் எங் குரலே காதுல விழாது."

திருநீறு பூசிய நெற்றியோடு நானும் அதைச் செய்ய மாட்டேன்.

10 மார்ச்

இனி ஒருவர் வாய் திறக்கும் இடத்தில் பாட்டு கிடையாது. பாயிடம் சொல்லிவிட்டேன். "அப்ப கல்யாணம் பூரா சமையக்காரன் சத்தந்தான் கேக்கும்" என்றார். கேட்கட்டும்.

11 மார்ச், வெள்ளி

கார்மேகம் அண்ணன் மகளின் முகவரியைக் கொடுத்தார். "திட்டியிருந்தாலும் அப்படியே போடு தங்கச்சி." விளக்கேற்றிவிட்டு எழுதினேன். பிரதி:

அன்புள்ள ஜோதிமணிக்கு,

உன் கல்யாணப் படத்தை வெட்டியவள் நான். தாலி ஏறியதும் அப்பாவிடம் நீ சொன்னது அவருக்குப் போய்ச் சேரவில்லை. அழித்தது நான். அப்பா கேம்ப் ரூமில் அந்த இடத்தை மட்டும் போட்டுப் பார்க்கிறாராம்.

அன்று சொன்னதை அதே வேகத்தில் ஆடியோ கசெட்டில் பேசி அனுப்பு. வேறு எதைச் சொன்னாலும் உன் வாயசைவோடு ஒட்டாது. கோபமாக இருந்தாலும் ஒரு சொல் வெட்ட மாட்டேன்.

சீக்கிரம் பதில் போடு.

நாகவள்ளி