வெள்ளிக்கிழமை ஃபியூஸ்

நவம்பர் 14, வெள்ளி

காலையிலிருந்து தூறல். லீவு விடவில்லை. குழந்தைகள் தினம் என்று பதினொன்றாம் வகுப்பான எங்களுக்கும் ஆளுக்கொரு மிட்டாய். பக்கத்தில் உட்காரும் ரேவதி தன்னுடையதையும் எனக்கே கொடுத்துவிட்டாள்.

சாயங்காலம் அம்மா காரை எடுத்துக்கொண்டு பள்ளிக்கு வந்தாள். மஞ்சக்குப்பம் தாண்டுவதற்குள் மழை வலுத்தது. வைப்பரைப் போட்டாள். அசையவில்லை. கண்ணாடி முழுக்கத் தண்ணீர். முன்னால் போன பஸ் ஒரு சிவப்புக் கறை. பின்னால் ஹாரன் மேல் ஹாரன். எப்படியோ ஓரம் கட்டினாள். நான் குடையோடு இறங்கி என் கைக்குட்டையால் கண்ணாடியைத் துடைத்தேன். துடைத்து முடிப்பதற்குள் மறுபடியும் நிறைந்தது.

போன வாரமும் இதே கதைதான். மெக்கானிக் பார்த்து, ஃபியூஸ் போயிருக்கிறது என்று ஒன்று மாற்றிக் கொடுத்தார். அது ஒரு வாரம்கூடத் தாங்கவில்லை.

டேஷ்போர்டில் இருக்கும் பிள்ளையாரின் காலடியில் ஒரு குட்டிப் பச்சை விளக்கு எரியும். அதுவும் அணைந்திருந்தது. அம்மா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மழை விட்ட பிறகு வீடு வந்தோம். மாமா வாசலில் நின்றிருந்தார். மாமா என்றால் அம்மாவின் அண்ணன், தனிக்கட்டை, பக்கத்துத் தெரு, கேபிள் டிவி வேலை. விஷயம் கேட்டதும் ஆரம்பித்துவிட்டார்.

"நாந்தான் சொன்னனே செல்வி. இந்த டப்பாவ வித்துட்டு வேற வேலயப் பாரு. வளகாப்புக்கு வாடகக் காரு சொல்லிடறேன். புள்ளத்தாச்சிய வச்சிக்கிட்டு வெளயாடாத."

அடுத்த வார ஞாயிறு, 23ஆம் தேதி, சிதம்பரத்தில் கலா சித்திக்கு வளைகாப்பு. கல்யாணமாகி எட்டு வருடம் கழித்து. வளையல் போட்டதும் தாய்வீட்டுக்கு அழைத்து வர வேண்டும். அம்மாவுக்கும் சித்திக்கும் தாயார் இல்லை. எங்கள் வீடுதான் தாய்வீடு. "யாரையும் அனுப்பாதக்கா, நீயே ஓட்டிக்கிட்டு வந்து என்னக் கூட்டிம்போ" என்று சித்தி போனில் கேட்டாள். அம்மா சரி என்று சொல்லியிருக்கிறாள்.

அம்மா மாமாவுக்கு டீ போட உள்ளே போய்விட்டாள்.

இந்த வருடம் தினமும் ஒரு நன்றி எழுதுவது என்று வைத்திருக்கிறேன். இன்று: கைக்குட்டைக்கு. (ரேவதிக்கும்.)


நவம்பர் 15, சனி

வெயில்! துணி எல்லாம் மாடியில்.

காரின் கையேட்டை எடுத்து உட்கார்ந்தேன். ஆங்கிலம். ஓரங்கள் பழுப்பு. யாருமே திறந்து படித்த அடையாளம் இல்லை, பாவம். ஃபியூஸ் பற்றி நான்கு பக்கம். அம்மாவுக்குத் தமிழில் சொல்லிக்கொண்டே படித்தேன். அவள் ரவிக்கைக்கு ஹூக் தைத்துக்கொண்டே கேட்டாள்.

தெரிந்துகொண்டது:
பெட்டி இரண்டு. ஒன்று பானெட்டுக்குள், பேட்டரி பக்கத்தில். இன்னொன்று ஸ்டீயரிங்குக்குக் கீழே, வலது முழங்கால் இடிக்கும் இடத்தில்.
மூடியின் உள்பக்கம் எது எதற்கு என்று படம்.
நிறம்தான் அளவு. சிவப்பு 10, நீலம் 15, மஞ்சள் 20, பச்சை 30.
சாவியை எடுத்துவிட்டுத்தான் தொட வேண்டும்.
போன ஃபியூஸுக்கு அதே எண்தான் போட வேண்டும். இந்த வரி மட்டும் தடித்த எழுத்தில்.

வைப்பருக்கு நீலம். பெட்டியிலேயே சொருகியிருந்த குட்டிப் பிளாஸ்டிக் இடுக்கியால் இழுத்தேன். கால் மிதிக்கிற இடத்தில் தலையும் சீட்டின் மேல் காலுமாக. எதிர்வீட்டு அக்கா பார்த்துச் சிரித்தார்கள். பரவாயில்லை.

வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தேன். உள்ளே சின்ன கம்பி வளைவு, நடுவில் அறுந்து இரண்டு முனையும் கறுத்து. இவ்வளவுதானா! உள்ளங்கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். மொத்தக் காரையும் காப்பாற்றிவிட்டுத் தான் மட்டும் எரிந்திருக்கிறது.

அப்போது மாமா வந்தார். சிகரெட் பெட்டியைப் பிரித்து ஈயத்தாளைக் கிழித்தார்.

"இத அதும்மேல சுத்தி சொருவு. ஜென்மத்துக்கும் போவாது. என் பழைய பைக்க பத்து வருசம் இப்பிடித்தான் ஓட்டனேன்."

"மாமா, அப்ப ஃபியூஸ் போவாது. ஒயருதான் எரியும்."

"இன்ஜினியரம்மா சொல்லிட்டாங்கப்பா."

"புக்குலயே போட்டிருக்குது மாமா."

"புக்கு எழுதனவன் கடலூர் மழையில ஓட்டிப் பாத்தானா?"

அம்மா ஊசியைத் துணியில் குத்திவிட்டு எழுந்தாள். "வேணாண்ணா. கலா ஒக்காரப் போற வண்டி." அவ்வளவுதான். மாமா ஈயத்தாளைச் சுருட்டி எறிந்துவிட்டு பைக்கை உதைத்துக்கொண்டு போனார். கோபித்துக்கொண்டார் என்றே நினைத்தோம். அரை மணியில் ஒரு பாக்கெட் ஃபியூஸோடு திரும்பி வந்தார். எல்லா நிறமும் கலந்து, ஜெம்ஸ் மிட்டாய் போல.

"பச்ச போடு. பெருசா போட்டா தாங்கும்."

நீலம்தான் போட்டேன்.

வைப்பர் ஓடியது! காய்ந்த கண்ணாடியில் கிறீச்சிட்டுக்கொண்டு. பிள்ளையார் விளக்கும் எரிந்தது. அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

விளக்கு ஏன் கூடவே எரிகிறது? மூடியில் நீலத்துக்கு நேராக வைப்பர் என்று மட்டும்தான் இருக்கிறது. புத்தகம் முழுக்கத் தேடிவிட்டேன். பிள்ளையார் இல்லை.

நன்றி: மாமாவுக்கு. முணுமுணுத்துக்கொண்டேயானாலும் போய் வாங்கி வந்ததற்கு.


நவம்பர் 16, ஞாயிறு

அப்பா மஸ்கட்டிலிருந்து வீடியோவில். பின்னால் யாரோ சப்பாத்தி தேய்க்கும் சத்தம். பிள்ளையார் விளக்கைப் பற்றிக் கேட்டேன்.

போன லீவில் பண்ருட்டியில் ஒரு பலாப்பழ வியாபாரியிடம் காரை வாங்கியதும், வழியிலேயே ஒரு கடையில் பிள்ளையாரை வைத்து விளக்குக்கும் லைன் கொடுக்கச் சொன்னாராம். "ஒரு நிமிஷ வேலைன்னான். நெசமாவே ஒரு நிமிஷத்துல முடிச்சிட்டான்" என்று பெருமையாகச் சொன்னார்.

பழைய சொந்தக்காரரின் பலாப்பழ வாசனை இன்னும் காருக்குள் இருக்கிறது. ஈரக் காற்றடித்தால் அதிகம். எனக்குப் பிடிக்கும். மாமாவுக்குத் தலைவலி.

அம்மா போனை வாங்கி, "ஓட்டட்டா, வேணாமா?" என்றாள். அப்பா, "ஒனக்குத்தான வாங்கனது" என்றார்.


நவம்பர் 18, செவ்வாய்

கனமழை. லீவு! இயற்பியல் ரெகார்டு முடித்தேன் (பாதி).

மதியம் மழையிலேயே ஒத்திகை. முதுநகர் வரை போய்த் திரும்பினோம். அம்மா நன்றாக ஓட்டினாள். வைப்பரும் ஒழுங்கு, பிள்ளையாரும் பச்சையாக. மாமா பின்சீட்டில் மேல்பிடியைப் பிடித்துத் தொங்கிக்கொண்டு, "பிரேக்கு! பிரேக்கு! ஆட்டோ வரான் பாரு! செல்வி, லெப்ட்டுல ஒடி!"

மாமாவுக்குக் கார் ஓட்டத் தெரியாது.

திரும்பியதும் அம்மா சாவியை எடுத்துவிட்டு ஸ்டீயரிங்கை ஒரு தட்டு தட்டினாள், கன்றுக்குட்டியைத் தட்டுவது போல. ஒன்பது முழம் சேலை, வெள்ளி வளையல் எல்லாம் ஏற்கெனவே பையில் வைத்தாகிவிட்டது.

நன்றி: மழைக்கு. லீவுக்காக மட்டும் இல்லை.


நவம்பர் 21, வெள்ளி

எழுதப் பிடிக்கவில்லை. ஆனாலும் எழுதுகிறேன்.

வெள்ளிக்கிழமை காலையில் அம்மா காருக்குப் பூஜை போடுவாள். பாட்டு கேட்பதற்காகச் சாவியைப் போட்டு வைத்துக்கொண்டு, பிள்ளையாரைத் தூக்கித் துடைத்து, சந்தனம் வைத்து, அருகம்புல் சாத்தி, மறுபடி உட்கார வைப்பாள். இன்றைக்கு அவள் கையில் இருக்கும்போதே விளக்கு அணைந்தது. நான் ஓடிப்போய் வைப்பரைப் போட்டேன். அசையவில்லை.

அம்மா பிள்ளையாரை வைத்துவிட்டுக் கதவை மெதுவாகச் சாத்தினாள்.

"கைய வச்சதுமே கண்ண மூடிக்கிட்டாரும்மா. நான் ஓட்டறது அவருக்கு இஷ்டமில்ல. அண்ணன வாடகக் காரே சொல்லச் சொல்லிடு."

"ஃபியூஸுதாம்மா. வேற போடறேன்."

"போட்டா மறுபடியும் போவும். எட்டு வருசம் கழிச்சி வந்திருக்குது அவளுக்கு. எனக்கு ஒண்ணு ஆனா பரவால்ல."

மாமாவிடம் அவளே போனில் சொல்லிவிட்டாள். மாமா ஜெயித்த மாதிரிகூடப் பேசவில்லை. "சரி" என்று மட்டும் சொன்னாராம்.

பள்ளியில் ஒன்றும் ஏறவில்லை. கணக்கு வகுப்பில் வெளியே பார்த்துக்கொண்டே யோசித்தேன். போன வெள்ளியும் ஃபியூஸ் போனது. அதற்கு முந்தினதும் வெள்ளி. நடுவில் முதுநகர் வரை அடைமழையில் போய் வந்தும் ஒன்றும் ஆகவில்லை. வெள்ளியன்று மட்டும் காரில் என்ன நடக்கிறது?

பூஜை. வேறு பதில் கிடைக்குமா என்று மறுபடியும் முதலிலிருந்து எண்ணிப் பார்த்தேன்.

வீட்டுக்கு வந்ததும் டார்ச்சோடு டேஷ்போர்டுக்கு அடியில் தலையை விட்டேன். பிள்ளையார் காலடியிலிருந்து இறங்கும் மெல்லிய ஒயர், இன்னொரு ஒயரோடு முறுக்கிக் கட்டப்பட்டு, ஃபியூஸ் பெட்டியின் பின்பக்கம் வைப்பர் ஒயரில் போய்ச் சேர்கிறது. முறுக்கின இடத்தில் டேப் உரிந்து செம்பு பளபளவென்று. பக்கத்திலேயே ஒரு இரும்புப் பட்டை. ஒரு கையால் பிள்ளையாரைத் தூக்கினேன். செம்பு நகர்ந்து இரும்பைத் தொட்டது. இறக்கினேன். விலகியது. தூக்கினால் தொடுகிறது.

ஒரு நிமிஷ வேலை!

அம்மாவிடம் எப்படிச் சொல்வது? நீ கும்பிடுவதால்தான் கார் கெடுகிறது என்றா? அடுப்படி வரை போய் இரண்டு தடவை திரும்பி வந்தேன். மூன்றாம் தடவை கையைப் பிடித்துக் கூட்டிவந்து குனியச் சொல்லிக் காட்டினேன். சந்தனம் வைத்த கையோடு நின்றவளைக் கோர்ட்டில் நிறுத்துவது போல எனக்கே கூசியது.

டார்ச்சை வாங்கித் தானே பார்த்தாள். தானே தூக்கினாள், இறக்கினாள். அப்புறம் கேட்டாள்.

"அப்ப அவரு கோவிச்சிக்கலியா?"

"இல்லம்மா. ஒயரு குட்டையா இருக்குது. அவ்ளோதான்."

முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். சிரித்தாளா அழுதாளா, சரியாகத் தெரியவில்லை.

"ஒங்கப்பாவும் அவரு ஒரு நிமிஷமும்" என்றாள்.

நன்றி: மூன்று ஃபியூஸுக்கும்.


நவம்பர் 22, சனி

மூட்டம். மழை இல்லை.

சாவியை எடுத்து, ஃபியூஸையும் எடுத்து, முறுக்கைப் பிரித்தேன். மாமா டார்ச் பிடித்தார். முனையில் நான் டேப் சுற்ற ஆரம்பித்ததும், "தள்ளு, இதென்ன காயத்துக்குக் கட்டா?" என்று வாங்கிக்கொண்டார். கேபிள் வேலை செய்து பழகின கை. இழுத்து இழுத்து, சுருக்கம் விழாமல், அழகாகச் சுற்றினார். பார்க்கவே நன்றாக இருந்தது. பிறகு புது நீலம்.

நம்புவாரா? மாட்டார். சாவியைப் போட்டு வைப்பரை ஓட விட்டு, பிள்ளையாரைத் தூக்கினார், இறக்கினார், தூக்கினார், இறக்கினார். அம்மா, "போதும்ணா, அவருக்குத் தல சுத்தப் போவுது" என்றாள். வைப்பர் நிற்கவில்லை.

மாமா தள்ளிப் போய் நின்று போன் பேசினார். "ஆமாம்பா, காரு வேணாம். ...இல்ல, எங்க வீட்டுலயே வண்டி இருக்குது."

விளக்கு இனி எரியாது. அம்மாவுக்கு வருத்தமாக இருக்குமோ என்று கேட்டேன். "பகல்ல போறோம், பகல்ல வர்றோம். அவருக்கு எதுக்கு லைட்டு?"


நவம்பர் 23, ஞாயிறு

கை முழுக்க வளையல். எழுதும்போது ஒலிக்கிறது.

காலையில் வெயிலிலேயே சிதம்பரம் போய்ச் சேர்ந்தோம். மாமா மடியில் சீர்த்தட்டு. சித்தி முகம் ரொம்பத் தெளிவு. புளி, எலுமிச்சை, தேங்காய், தயிர் எனச் சாதம் எல்லாம் இருந்தது, எனக்குத் தயிர்சாதம் கிடைக்கவில்லை. சித்தியின் மாமியார் வாசலில் காரைப் பார்த்துவிட்டு, "டிரைவரையும் சாப்பிடக் கூப்புடுங்க" என்றார்கள். சித்தி கன்னத்துச் சந்தனத்தோடு, "டிரைவருதான் எனக்கு இப்ப வளையலு போட்டாங்க" என்றாள்.

கிளம்பும்போது வானம் இருட்டிக்கொண்டு வந்தது. மாமியார் தயங்கினார்கள். அம்மா பிள்ளையாரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள். நான் தலையாட்டினேன். (உள்ளுக்குள் பயம்தான்.)

புதுச்சத்திரம் தாண்டியதும் பிடித்தது மழை. அப்படி ஒரு மழை. எதிரே லாரி வருவது வெளிச்சத்தில்தான் தெரிந்தது. அம்மா வேகத்தைக் குறைத்து, வைப்பரைக் கடைசி வேகத்தில் வைத்தாள். டக் டக் டக் டக். பின்சீட்டில் சித்தியின் வளையல் சத்தம் மட்டும். நான் வைப்பரையே பார்த்துக்கொண்டு வந்தேன். ஒவ்வொரு வீச்சுக்கும் மனதுக்குள் ஒரு நன்றி. ஆலப்பாக்கம் வரை எண்ணி விட்டுவிட்டேன்.

"பிரேக்கு" என்று மாமா ஒரு தடவைகூடச் சொல்லவில்லை.

செம்மண்டலம். எங்கள் தெரு. அம்மா சாவியைத் திருப்பியதும் வைப்பர் கண்ணாடியில் படுத்துக்கொண்டது. யாரும் உடனே இறங்கவில்லை. சித்திதான் முதலில் பேசினாள்.

"இதென்னக்கா, பலாப்பழ வாசன? எனக்கு இப்பவே வேணும்போல இருக்குது."

"கார்த்திக மாசத்துல நான் எங்கடி போவேன் பலாப்பழத்துக்கு" என்றார் மாமா.

"அப்ப ஆஸ்பத்திரிக்கும் நீதாங்க்கா ஓட்டணும். இந்த வண்டியிலதான் வருவேன்."

அம்மா பதில் சொல்வதற்குள் மாமா கையைத் திறந்தார். வழி முழுக்க அந்த ஃபியூஸ் பாக்கெட்டைப் பிடித்துக்கொண்டே வந்திருக்கிறார். உள்ளங்கையில் அதன் தடம். ஒவ்வொன்றாகத் தள்ளித் தேடி நீலங்களை மட்டும் பொறுக்கி அம்மாவிடம் நீட்டினார்.

"வண்டியிலயே கெடக்கட்டும் செல்வி. நாளப்பின்ன வேணும்."