கோணல்வாய் ஜாடி

அன்பு மகள் லொரீனுக்கு,

அம்மா எழுதுவது. கர்த்தர் கிருபையில் நானும் என் முழங்கால் வலியும் இங்கே சேர்ந்தே சுகமாக இருக்கிறோம், அந்த சியாட்டில் மழையில் நீயும் மாப்பிள்ளையும் சளி பிடிக்காமல் இருக்கிறீர்களா என்று எழுது. போனில் கேட்டால் நல்லா இருக்கோம்மா என்று சொல்லி வைத்துவிடுகிறாய், அதனால்தான் கடிதம். இந்த வருஷம் வெயில் கொளுத்தியும் முட்டைக்கோஸ் நன்றாகக் கட்டியது, வழக்கம்போல் பிறை பார்த்து நாள் குறித்து, உப்புப் போட்டு ஜாடியில் புளிக்கப் போடலாம் என்று உட்கார்ந்தேன். அங்கேதான் வந்தது வினை, பொறுமையாகப் படி.

நிலவறையில் இருக்கும் நம் பச்சை ஜாடியை உனக்குத் தெரியாதா. குயவர் எலாம் கிழவர் வனைந்து, மேட்டைக் குடைந்து கட்டிய சூளையில் பைன் விறகு போட்டுச் சுட்டது, சாம்பலும் இடித்த கண்ணாடியும் கலந்து பூசியதில் பிடியிலிருந்து வெள்ளையாக வழிந்திருக்கும். நெருப்பு ஒரு பக்கமாக அடித்ததில் வாய் கோணிப்போனது, விற்காது என்று தெரிந்துதான் கிழவர் அதை எங்கள் கல்யாணத்துக்குப் பரிசாகத் தள்ளிவிட்டார் என்று உன் அப்பா சொல்லிச் சிரிப்பார். கோஸை அமுக்கி மூட, அந்தக் கோணலுக்கு ஏற்றமாதிரி அப்பாவே ஒரு ஓக் பலகையைச் செதுக்கினார், ஓரத்தில் ஒரு வெட்டு வைத்தார், வெட்டு இடது பிடியைப் பார்த்தால்தான் பலகை உள்ளே இறங்கும். இந்தத் தடவை கோஸை அடுக்கி உப்புப் போட்டுப் பலகையை வைத்தேன், அது பாட்டுக்குச் சுற்றியது. இரண்டு பக்கமும் விரல் நுழைகிற இடைவெளி. எல்லாவற்றையும் வாரி எடுத்துவிட்டு ஜாடியைக் கவிழ்த்துப் பார்த்தேன், தரையில் இழுத்து இழுத்து ஒரு பக்கம் தேய்ந்திருக்கவேண்டிய அடி, யாரோ உப்புத்தாள் போட்டுத் தேய்த்ததுபோல் சுற்றிலும் ஒரே சீராக இருக்கிறது. நிறம் அதேதான், வழிசல் அதேதான், ஜாடி மட்டும் நம்முடையது இல்லை.

முதலில் உன் சித்தப்பா ஹோய்ல் மேல்தான் சந்தேகம் போனது. நேற்றுவரை கோழித் தீவனம் போட்டு வைத்த ஜாடிகளைத் தேடி வெளியூர்க்காரர்கள் வர ஆரம்பித்ததிலிருந்து அவர் ஒரு ஏலத்தையும் தவறவிடுவதில்லை, ஏணி கேட்டு வந்தவர் நிலவறைக்குத் தனியாக வேறு போனார். முகத்துக்கு நேரே கேட்டேன். ஏன் அண்ணி, திருடறவன் பதிலுக்குப் புதுசு ஒண்ணு வாங்கி வெச்சுட்டா போவான், ஜாடி உருண்டையாயிடுச்சுன்னு ஊர்ல சொல்லிப்பாருங்க, சிரிப்பாங்க என்றார். பக்கத்தில் வெஸ்டா சித்தி, அக்காவுக்கு வயசானதுல ஜாடிக்கும் வயசாயிடுச்சோ என்னவோ என்று குத்தினாள். அன்றிலிருந்து ஆலயத்தில் அவர்கள் பெஞ்சுப் பக்கம் நான் திரும்புவதில்லை. பிறகு ஜாடியை விலைக்குக் கேட்டு வந்த அந்த சார்லட் நகரத்துக்காரர், வாய் கோணலா இருக்கிறதுதாம்மா இதுக்கு அழகே என்று தடவித் தடவிப் பார்த்தாரே, அவரையும் நினைத்தேன், ஆனால் அவரை நான் ஒரு நிமிஷம்கூடத் தனியாக விடவில்லை. புதுப் பாஸ்டர் குயவனும் களிமண்ணும் என்று பிரசங்கம் செய்தபோது அவரைக்கூட ஒரு மாதிரியாகத்தான் பார்த்தேன், கர்த்தர் மன்னிக்கட்டும்.

அப்புறம்தான் உறைத்தது. நான் இறங்கிப் போனபோது பலகை ஜாடிமேல் இருந்தது, வெட்டு இடது பிடியைப் பார்த்து இருந்தது, மேலே துணி உன் அப்பா போடுகிற முடிச்சில் கட்டியிருந்தது. வெளி ஆள் அப்படி வைப்பானா. ஹோய்ல் வந்து கோஸ் தின்பாரே தவிர ஒருநாளும் பக்கத்தில் நின்று ஒத்தாசை செய்ததில்லை. அந்தப் பலகையை வைக்கத் தெரிந்தவர்கள் உன் அப்பா, நான், நீ. அப்பா கல்லறையில் இருக்கிறார். ஈஸ்டருக்கு நீ வந்தபோது உன் பழைய கட்டிலை எடுத்துப்போக வாடகை வண்டி பிடித்தாய், என்னை வெஸ்டாவோடு கடைக்கு அனுப்பினாய், நிலவறைப் படி இறங்காதேம்மா, உன் முழங்காலுக்கு ஆகாது என்று சொல்லிக்கொண்டே இருந்தாய். என் மகளுக்கு என்மேல் எவ்வளவு பாசம் என்று கடையில் நின்று வெஸ்டாவிடம் பெருமை அடித்தேன். ஜாடி போனதைவிட அதுதான் எனக்கு ஆறவில்லை. கேட்டிருந்தால் கொடுத்திருப்பேன். இல்லை, கொடுத்திருக்க மாட்டேன், சண்டை போட்டிருப்பேன், பிறகு நானே துணி சுற்றி வண்டியில் ஏற்றியிருப்பேன்.

இந்தப் பெட்டியில் செய்தித்தாள் சுற்றி அந்தப் பலகையை வைத்திருக்கிறேன். ஜாடி உன் வீட்டில் இருந்தால் எப்படி வைக்கவேண்டும் என்று உனக்கே தெரியும், வைத்து மூடிவிடு, ஒரு வரிகூட எழுதவேண்டாம். விற்றிருந்தால் பலகையை எனக்கே திருப்பி அனுப்பிவிடு, அது உன் அப்பா கைபட்டது. புது ஜாடியில் ஒரு தட்டைக் கவிழ்த்து வைத்துப் போட்ட கோஸ் நன்றாகத்தான் புளித்திருக்கிறது, அதிலும் எனக்குக் கோபம். ஹோய்லிடம் இன்னும் பேசவில்லை, என்ன சொல்லிப் பேசுவது.

கர்த்தர் உன்னையும் மாப்பிள்ளையையும் காத்து நடத்தட்டும். குளிருக்குக் காதை மூடிக்கொள். தபால் வண்டிச் சத்தம் கேட்டால் தினமும் வாசலுக்குப் போவேன், தபால்காரர் கையில் இந்தப் பெட்டி இருக்கக்கூடாது என்று வேண்டிக்கொண்டே போவேன்.

உன் அம்மா,
ஆர்வெட்டா