வெளிச்சத்தை அணைத்தால்தான் ஓடுகிறது

அன்புள்ள சின்னுவுக்கு,

அப்பாவின் முழங்கால் வலியையும் என் கோபத்தையும் தவிர்த்தால் இங்கே எல்லோரும் சுகம். நீயும் நேரத்துக்குச் சாப்பிட்டுத் தூங்குகிறாய் என்று நம்பிக்கொள்கிறேன். போனில் சொன்னால் குறுக்கே விழுந்து இதை அமுக்கு அதை அமுக்கு என்பாய், அதனால்தான் எழுதுகிறேன்.

நீ அனுப்பிய கையடக்க விளையாட்டுப் பெட்டி என் உயிரை வாங்குகிறது. நீயும் உன் கூட்டாளிகளும் செய்த விளையாட்டு பெரிய கம்ப்யூட்டருக்கானது, இதற்குள் இருப்பதோ போனில் இருக்கிற மாதிரிச் சிப், இரண்டுக்கும் பாஷை வேறு, நடுவில் எமுலேட்டர் என்று ஒன்று உட்கார்ந்து மொழிபெயர்க்கும் என்றாய். கேட்க நன்றாகத்தான் இருந்தது. இங்கே அந்த மொழிபெயர்ப்பாளர் பாதியில் வாயடைத்துப் போகிறார். முதலில் கறுப்புத் திரை. நீ சொன்ன டிரைவர் என்கிற புரோகிராமை மாற்றினால் சத்தம் வருகிறது, படம் இல்லை. இன்னொன்றை மாற்றினால் படம் வருகிறது, விளையாட்டில் வருகிற பெண்ணுக்குத் தலை இல்லை. பெட்டி இஸ்திரிப் பெட்டியாகக் கொதிக்கிறது.

நீ கம்பெனி வேலையை விட்டு விளையாட்டுச் செய்யப் போனதிலிருந்து, நீ கூப்பிட்டால் போனை என் கையில் திணித்துவிட்டு நகர்கிற மனுஷர் உன் அப்பா, அப்படி என்னதான் பண்றா, ஒரு தடவை பாக்கறேன் என்று கையில் பெயிண்ட் காயாமல் வந்து உட்கார்ந்தார். அதற்காகத்தானே உன்னிடம் அத்தனை கேட்டேன்? நிழல், வெளிச்சம், பிரதிபலிப்பு எல்லாவற்றையும் அடிமட்டத்துக்குக் குறை, ஓடும் என்றாய். குறைத்தேன், ஓடியது. அவர் பார்த்துவிட்டு, வெள்ளையடிச்ச காலி வீடு மாதிரி இருக்கு, இதுல நம்ம புள்ள செஞ்சது எது என்று கேட்டார். விளையாட்டில் வருகிற அந்த வீட்டுக்கு வெளிச்சம் போடுவதுதானே உன் வேலை? அதை என் கையாலேயே அணைக்க வைத்தாயே, நம் குடும்பத்தில் முதல் பட்டம் வாங்கிய உனக்கு அது தோன்றவே இல்லையா? இதுக்கா அந்த வேலைய விட்டா என்று அப்பா பிரஷ் கழுவப் போய்விட்டார். எனக்கு ஆத்திரத்தில் அழுகையே வந்துவிட்டது.

மறுநாள் வீம்புக்கு எல்லாவற்றையும் உச்சத்துக்கு ஏற்றினேன். ஒரு படம் வரும், நான் அரிசி களைந்து வருவேன், அடுத்தது வரும். மாடிப்படியும் ஜன்னல் வெயிலும் தெரிகிற இடத்தில் மொத்தமாக நின்றுவிட்டது. அணைக்கப் போனேன். பின்னால் நின்றிருக்கிறார், எனக்குத் தெரியாது. ஏய், அணைக்காத, நிக்கட்டும் என்றார். தான் அடித்த சுவரில் திட்டு இருக்கிறதா என்று பார்ப்பாரே, அப்படித் தலையைச் சாய்த்துப் பார்த்தார். சார்ஜ் தீர்ந்து திரை அணைந்ததும் என்னைத்தான் திட்டினார், ஒயரை மாட்டி வைக்க மாட்டியா என்று.

இனி எனக்கு யோசனை எதுவும் அனுப்பாதே, லீவு கிடைத்ததும் உன் கம்ப்யூட்டரோடு நீயே வந்து காட்டு. நீ நல்லபடியாக இருக்க வேண்டும், செய்கிற வேலையில் பேர் வாங்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை அப்பா நம்பருக்கே கூப்பிடு. எடுக்காவிட்டால் மறுபடியும் கூப்பிடு.

கோபம் இன்னும் தீராத
உன் அம்மா