கோயில் சுவரில் நீ வரைந்த மாதா

அன்பு மகள் யூஜினாவுக்கு,

ஆண்டவர் தயவில் அம்மாவும் நானும் நடமாடிக்கொண்டிருக்கிறோம், டோக்கியோவில் நீயும் உடம்பைப் பார்த்துக்கொண்டு சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன். போனில் சொல்ல வாய் வரவில்லை, அதனால் எழுதுகிறேன். அந்தோனியார் திருநாளுக்கு முன்பு வழக்கம்போல கோயிலுக்கு வெள்ளையடித்தோம். பக்கச் சுவரில் தேயிலைத் தோட்டத்து லயத்து வீடுகளின் இளைஞர்கள் ஒரு மாதாவை வரைந்திருந்தார்கள், முதுகில் கொழுந்துக் கூடை, முகத்தில் பாதி கண்தான், நீ வேலை செய்யும் ஜப்பான் கார்ட்டூன்களில் வருவதைப் போல. நோர்வூட்டில் இப்போது எங்கு பார்த்தாலும் அந்தக் கண்தான், சலூன் கண்ணாடியில், புத்தகப் பையில், என் வகுப்புப் பிள்ளைகளின் கணக்குக் கொப்பியில். உன் கார்ட்டூன்களை உலகமே பார்க்கிறது என்று நீ சொன்னபோதும் அந்த வேலையை நான் மதிக்கவில்லை, கேட்பவர்களிடம் நீ கம்ப்யூட்டர் கம்பெனியில் இருப்பதாகத்தான் சொல்லி வருகிறேன். வரைய அனுமதி கொடுத்தது உன் றோலண்ட் சித்தப்பா. கோயில் கமிட்டித் தலைவர் நான், என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. எனக்கு வரவேண்டிய பள்ளிக்கூட அதிபர் பதவி அவனுக்குப் போன நாளிலிருந்து அவன் என்னை எதற்கும் கேட்பதில்லை. மாதாவுக்கு ஜப்பான் கண்ணா என்றேன். அந்தோனியாரு மட்டும் நம்ம நோர்வூட்டுலயா பொறந்தாருண்ணே என்று எல்லார் முன்னாலும் சிரித்தான். அந்தக் கோபத்தில் சுண்ணாம்பு வாளியை வாங்கி நானே மாதாவின் மேல் அடித்தேன். கண்கள் இரண்டாவது பூச்சில்தான் மறைந்தன.

வீட்டுக்கு வந்ததும் அம்மா சொன்னாள், அது நீ வரைந்து அனுப்பிய படமாம், திருநாளுக்கு வந்து நீயே எனக்குக் காட்டவேண்டும் என்று மறைத்தீர்களாம், முகம் அவளுடையதாம். கண்ணு பெருசுன்னு அழிச்சிட்டீங்க, பொண்ணு பாக்க வந்தன்னைக்கு அந்தக் கண்ணத்தானே வெறிச்சுப் பாத்துக்கிட்டு இருந்தீங்க என்றாள். அதற்குப் பிறகு சாப்பாடு போடுகிறாள், பேசுவதில்லை. இளைஞர்களிடம் மறுபடி வரையச் சொல்லிக் கெஞ்சினேன், நீங்களே வரைங்க சேர் என்று போய்விட்டார்கள். நீ வந்து கேட்டால் மழை கழுவிவிட்டது என்று சொல்லும்படி றோலண்ட் எல்லாருக்கும் சொல்லி வைத்திருக்கிறான், என் மானத்தைக் காப்பாற்றுகிறானாம். அவன் தயவில் வருகிற மானம் எனக்கு வேண்டாம். மழை பெய்தது உண்மைதான் மகளே, ஆனால் அது மழைக்குப் போகிற பெயிண்ட் இல்லை. நான்தான் அழித்தேன். இதை வாசித்துவிட்டு என்னோடு பேசாமல் இரு, அது எனக்குத் தகும். டிக்கட்டை மட்டும் ரத்துச் செய்யாதே, அம்மா நாளை எண்ணிக்கொண்டிருக்கிறாள்.

மாதா உன்னைக் காக்கட்டும். வேளைக்குச் சாப்பிடு, இங்கே மழைக் குளிர், கழுத்துக்குக் கம்பளி எடுத்துக்கொள். வரும்போது உன் தூரிகைகளையும் கொண்டுவா. சுவரை யாரும் தொடாமல் பார்த்துக்கொள்கிறேன்.

உன் அப்பா,
அ. சவரிமுத்து