குணாவின் கையிலிருந்த கம்பு

ஆர்.கே.புரம், புது தில்லி
ஞாயிற்றுக்கிழமை

சிரஞ்சீவி அர்விந்துக்கு அப்பாவின் ஆசிகள்.

விருது வாங்க நீ ஜெனிவா போய்ச் சேர்ந்த செய்தி கிடைத்தது. போனில் எனக்குக் கோவையாகப் பேச வராது. நீயும் பாதியிலேயே "அச்சா, அச்சா" என்று வைத்துவிடுவாய். அதனால் எழுதி, போனிலேயே படமெடுத்து அனுப்புகிறேன். சொல்ல வேண்டியவை:

1. விருதுக் குழு ஆள் மாற்றிக் கொடுத்துவிட்டது.
2. குணா இன்னும் சிறையில் இருக்கிறான்.
3. நீ செய்ய வேண்டியது.

முதலாவது. ஃபைல் பார்த்தே காலம் தள்ளிய நான் உலக விருதைப் பற்றிப் பேசலாமா, தெரியவில்லை. ஆனாலும் அவர்களுடைய பாராட்டுரையைப் படித்தேன். தண்ணீர் லாரிக்காக இரண்டு சந்துக்காரர்கள் அடித்துக்கொள்ளப் போனபோது நடுவில் நின்று தடுத்தவன் நீ என்கிறது. நீ மறுநாள் சமாதானக் கூட்டம் போட்டாய். நல்ல கூட்டம்தான். நடுவில் நின்றவன் நம் வீட்டில் வேலை செய்யும் வீராயியின் மகன் குணா. அமைதிப் பரிசுகள் மேடையில் கைகுலுக்கியவர்களுக்குத்தான் போகின்றன. குறுக்கே பாய்ந்தவர்களுக்குப் போவதில்லை. எல்லாமே அப்படி என்று சொல்ல எனக்குத் துணிவில்லை. உன்னுடையது அப்படித்தான்.

இரண்டாவது. ஒருவன் ஓங்கிய கம்பைக் குணா பிடுங்கினான். போலீஸ் வந்தபோது கம்பு அவன் கையில் இருந்தது. வழக்கே அவ்வளவுதான். மழைக்காலத்தில் பிடித்துக்கொண்டு போனார்கள். போன வாரம் வீராயி ஸ்வெட்டர் கொண்டுபோய்க் கொடுத்தாள்.

மூன்றாவது. வியாழக்கிழமை ஜாமீன் விசாரணை. உன் அலுவலக மாடியிலிருந்து எல்லாவற்றையும் பார்த்ததாக அன்றே என்னிடம் சொன்னாய். குணாவின் வக்கீல் ஜூலியா கேட்டபோது மட்டும், நடுநிலை தவறினால் விருதுக்குப் பாதகம் என்றாயாம். பார்த்ததை எழுதிக் கையெழுத்திடு. அங்குள்ள நம் துணைத் தூதரகத்தில் சான்றொப்பம் செய்வார்கள்; விசாரித்துவிட்டேன். ஜூலியாவுக்கு உடனே அனுப்பு.

பாராட்டுரையில் என்ன இருக்கிறது என்று வீராயி கேட்டாள். தமிழில் சொன்னேன். கோபப்படுவாள் என்று பயந்தேன். பாத்திரம் தேய்ப்பதை நிறுத்தாமலே சொன்னாள்: "எங்கியோ இருக்கிற வெள்ளக்காரங்க, அவங்களுக்கு என்னங்கய்யா தெரியும்? தம்பிதான் மேல நின்னு பாத்துச்சே! மெடல அதுவே வச்சிக்கட்டும். எம்புள்ளய வுடச் சொல்லுங்க, போதும்."

அர்விந்த், நீ நன்றாக இருக்க வேண்டும். வியாழனுக்குள் அனுப்பிவிடப்பா.

உன் அப்பா

பி.கு.: திரும்பப் படித்தேன். முதலாவது தவறு. குழு ஆள் மாற்றவில்லை. தங்களிடம் சொல்லப்பட்டதை நம்பினார்கள், சொன்னவன் நீ.