சத்தம் எடுத்த வீடியோ

ஜன. 18, வியாழன்

விடியும்போது பனி. எதிர்க்கரை தெரியவில்லை. நாளை என் இங்கிலீஷ் வகுப்புக்குப் புது வீடியோ வேண்டும், சின்னதாக. யூடியூபில் கிடைப்பதெல்லாம் லண்டன் கடை, விமான நிலையம். அதைப் போட்டால் படிக்க வரும் ஊர் அக்காக்கள் வாயே திறப்பதில்லை. போன வாரம் நானே எடுத்த டச்சுக் கல்லறை வாசல் மட்டும் நன்றாகப் போனது. எலும்புக்கூடு சிலையைப் பார்த்து ஆளுக்கொரு வாக்கியம்.

அதனால் இன்று பனி விலகியதும் கரையிலிருந்து ஏரி. தூரத்தில் படகில் ஒருவர் வலை விடுகிறார். யாரென்று பார்க்கவில்லை. பின்னால் பூநாரைகள் எழும்பின, அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். அரை நிமிடம் வரும். அவர்களே பேசட்டும் என்று சத்தத்தை எடுத்துவிட்டேன்.

வாங்க: சாக்பீஸ், சோப்பு.

ஜன. 19, வெள்ளி

சமுதாயக் கூடம். கரன்ட் இருந்தது. விதி வழக்கம் போல: படத்தில் தெரிவதை ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும், தப்பானாலும் பரவாயில்லை.

தேவி பேசவே மாட்டாள். படிக்கும்போது நான் இருந்தது போல. அடுத்த மாதம் கம்பெனி இன்டர்வியூ அவளுக்கு. நான்தான் விடாமல் கேட்டேன். கிட்ட வந்து பார்த்துவிட்டு, மெதுவாக: "தட் மேன் இஸ் மை பிரதர்."

கை தட்டினேன்.

மல்லிகா அக்கா: "விச் டே, டீச்சர்?"

"யெஸ்டர்டே மார்னிங்."

"யெஸ்டர்டே இஸ் மை ஹஸ்பண்ட் பாடு."

இத்தனை நாளில் முதல் உரையாடல். அதற்கும் தட்டினேன். வேறு யாரும் தட்டவில்லை. தேவி வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள்.

நானும் மீன்காரர் மகள்தான். ஏரியில் எந்த இடம், எந்த நாள், யாருக்கு என்று சீட்டுப் போட்டுப் பிரித்ததுதான் பாடு. அடுத்தவர் பாட்டில் வலை விட்டால் ஊர் விடாது என்று தெரியாதவளா? ஆங்கிலத்தில் வார்த்தை தேடும்போது வேறெதுவும் தோன்றாது. தேவிக்குத் தோன்றாதது சரி. எனக்கு?

ஜன. 21, ஞாயிறு

காலையில் ஊர்க்கூட்டம், மல்லிகா அக்காவின் வீட்டுக்காரர் கூட்டியது. அங்கிருந்து நைனா வந்து கேட்டார்: "இன்னா மா, அந்தப் படம் போன்ல கீதா?"

அழித்திருக்கலாம். அழித்தால் மல்லிகா அக்கா பொய்க்காரி ஆகிவிடுவார். கொடுத்தேன். பெரியவர்கள் மாற்றி மாற்றிப் பார்த்தார்கள். யாரோ, "பறவைலாம் ஷோக்கா கீதுபா" என்றார்.

தேவியின் அண்ணன் மறுக்கவில்லை. "ஜுரத்துல என் மொறை பூட்சி. ஒருநாள் தானேனு வுட்டேன்." என் பக்கம் திரும்பவில்லை. சீசன் முடியும்வரை அவருக்குப் பாடு கிடையாது என்று தீர்ப்பு.

குழாயடியில் ஒருத்தி, நான் நிற்பது தெரிந்தே: "இங்கிலீஷ் கிளாஸ் போனா ஆள மாட்டி வுடவும் சொல்லித் தராங்கோ."

ஊற வைத்த துணி அப்படியே. நைனா ஒன்றும் திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.

ஜன. 22, திங்கள்

மேகம். போனிலிருந்து வீடியோவை அழித்தேன். இப்போது அழித்து என்ன.

தேவி வரமாட்டாள் என்று நினைத்தேன். வந்தாள். இன்டர்வியூ இருக்கிறதே. கடைசி வரிசையில் உட்கார்ந்தாள். மல்லிகா அக்கா நகர்ந்து இடம் விட்டார், அவள் போகவில்லை.

லண்டன் கடையையே போட்டேன். தேவியின் முறை வந்தது. தப்பானாலும் பரவாயில்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அவளே எழுந்தாள். திரையைப் பார்க்காமல் என்னைப் பார்த்து:

"ஐ ஸீ நத்திங், டீச்சர்."

ஒரு தப்பும் இல்லை.